குப்பை என்கிற குபேந்திரன்

அரியலூர்
12.7.1974

சிரஞ்சீவி தம்பிக்கு அக்கா தனம் ஆசியுடன் எழுதுவது. நாங்கள் நலம். நீயும் மலர்க்கொடியும் கானா போய்ச் சேர்ந்த கடிதம் கிடைத்தது. வாத்தியார் வேலையோடு தனி வீடும் கொடுத்திருக்கிறார்களாமே, சந்தோஷம்.

ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதே. மெட்ராஸ் வண்டி நிற்கிற கொஞ்ச நேரத்தில் அம்மாவை அப்படிக் கடித்துக் குதற வேண்டுமா? "டேய் குப்ப, முறுக்கு டின்ன வச்சுட்டுப் போறியேடா" என்றுதானே கூவினாள். உன் மாமனார் சிரித்துவிட்டார்தான். அதற்காக, "என் மானத்த வாங்கத்தான் ஸ்டேஷனுக்கு வந்தியா" என்று கத்துவதா? பிளாட்பாரமே திரும்பிப் பார்த்தது. டின் அம்மா கையிலேயே நின்றுவிட்டது. அந்த முறுக்கை அவள் தொடவில்லை, என் பிள்ளைகள்தான் தின்று தீர்த்தன.

அன்றிலிருந்து உன்னை 'அவன்' என்றுதான் சொல்கிறாள். பெற்ற பிள்ளைக்குப் பேரே இல்லாமல் போனது எனக்குப் பொறுக்கவில்லை. அவளுக்கு ஆறுதலாக நாலு வரி எழுது.

உன் அக்கா,
தனம்


குமாசி, கானா
8.8.1974

அன்புள்ள அக்காவுக்கு,

கத்தியது தப்புதான். என் நிலைமையையும் கொஞ்சம் யோசி. காலேஜில் அட்டெண்டன்ஸ் எடுக்கும்போது 'குப்பை' என்றதும் வகுப்பே சிரிக்கும். 'பிரசண்ட் சார்' சொல்ல எனக்கு நாக்கு எழாது. கெஜட்டில் போட்டுக் குபேந்திரன் ஆகி எத்தனையோ வருஷம் ஆகிறது. ஊரே மாறிவிட்டது, அம்மா ஒருத்திதான் விடமாட்டேன் என்கிறாள்.

எனக்கு முன்னால் இரண்டு பிள்ளைகள் தங்காமல் போனதால் வைத்த பேர் என்று எனக்கும் தெரியும். நான்தான் பிழைத்துக்கொண்டேனே! தலை நரைக்க ஆரம்பித்தவனை எமன் இன்னுமா தேடிக்கொண்டிருப்பான்? குபேந்திரா என்று கூப்பிடச் சொல். அவ்வளவுதான் கேட்கிறேன்.

இப்படிக்கு,
குபேந்திரன்


அரியலூர்
2.9.1974

சிரஞ்சீவி தம்பிக்கு,

உன் கடிதத்தை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். எமன் என்ற வரியை விட்டுவிட்டுப் படித்திருக்க வேண்டும். காதைப் பொத்திக்கொண்டாள். "ஒருத்தனுக்கு ராசாங்கம், அடுத்தவனுக்கு வேணுகோபாலுன்னு ஆச ஆசையா பேரு வச்சேன். ரெண்டையும் வாரிக் குடுத்தேன். நல்ல பேரு யாரு காதுல போயி விழும்னு எனக்குல்ல தெரியும். கடல் தாண்டிப் போயிருக்கான், இப்பப் போயி மாத்தச் சொல்றானே" என்றாள்.

நான் அன்றைக்குச் சின்னப் பெண், ஆனால் கண்ணால் பார்த்தவள். பச்சை உடம்போடு அம்மாவே உன்னைத் தூக்கிப் போய்க் குப்பைமேட்டில் போட்டாள். பக்கத்து வீட்டுப் பச்சையம்மாள் உன்னை முறத்தில் அள்ளி வந்து, "குப்பையில கெடந்துச்சு, வேணுமா?" என்று கேட்டாள். ஒரு படி தவிடு கொடுத்து உன்னை வாங்கினாள் அம்மா. சாம்பலும் சாணியுமாகக் கிடந்ததை யார் வந்தாலும் அருவருத்துப் போகட்டும் என்று. உன்னைக் கீழே விடும்போது அவள் அழுத அழுகை எனக்கு இன்னும் மறக்கவில்லை. கேலிக்கு வைத்த பேர் இல்லையடா அது.

உன் அக்கா,
தனம்


குமாசி
20.1.1975

அன்புள்ள அக்காவுக்கு,

பதில் எழுத இத்தனை நாளானதற்குக் காரணம் வேலை இல்லை. வெட்கம்.

எங்கள் பள்ளிக்கூடத்துக்குப் புதுத் தலைமையாசிரியர் வந்திருக்கிறார். ஆறடி ஆள். அவர் வந்தால் வராந்தாவே அடங்கிவிடும். பேர் சுமினா. இங்கே பிறந்த கிழமையை வைத்தும் ஒரு பேர் உண்டு. சனிக்கிழமை பிறந்ததால் அவருக்குக் குவாமே என்றும் பேர் இருக்கிறது. ஆனாலும் சுமினா என்றுதான் கையெழுத்துப் போடுகிறார். என்ன அர்த்தம் என்று கேட்டேன். "குப்பைமேடு" என்றார், கொஞ்சமும் கூசாமல். அவருக்கு முன்னால் பிறந்த பிள்ளைகளும் தங்கவில்லையாம். "சாவு வந்து எட்டிப் பார்த்துவிட்டு, வெறும் குப்பைதானே என்று திரும்பிப் போகட்டும் என்று வைத்தார்கள். என் அம்மாவிடம் வேறு ஆயுதம் இல்லை" என்றார். பிறகு, "உங்கள் பேருக்கு என்ன அர்த்தம்?" என்று கேட்டார்.

அப்போதாவது சொல்லியிருக்கலாம் அக்கா. "செல்வத்துக்கு அதிபதி" என்றேன். நல்ல பேர் என்று கை குலுக்கினார்.

அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. சிரிக்காத மனிதரிடம்கூட அம்மாவை மறைத்துவிட்டேன். என்னை நினைத்தால் எனக்கே அசிங்கமாக இருக்கிறது. அவரிடம் இன்னும் உண்மையைச் சொல்லவில்லை. அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டுத்தான் சொல்ல வேண்டும்.

அடுத்த லீவுக்கு வருகிறேன். ஸ்டேஷனில் எல்லார் காதிலும் விழுகிற மாதிரி அம்மாவைக் கூப்பிடச் சொல். யார் சிரித்தாலும் சிரிக்கட்டும்.

உங்கள்,
குப்பை


அரியலூர்
17.2.1975

சிரஞ்சீவி குபேந்திரனுக்கு,

அம்மா இப்படித்தான் ஆரம்பிக்கச் சொன்னாள்.

உன் கடிதம் கொஞ்சம் முந்தி வந்திருக்கக் கூடாதா தம்பி? தைக் கிருத்திகைக்குச் செட்டிகுளம் போக வேண்டும் என்று அம்மா ஒற்றைக் காலில் நின்றாள். முழங்கால் வலியோடு மலைப்படி ஏறினாள். சன்னதியில் நின்று, "முருகா, நான் வச்ச பேரு அவனுக்கு அசிங்கமா இருக்காம். இனிமே நல்ல பேரச் சொல்லித்தான் கூப்பிடப் போறேன். எது வந்தாலும் நீதான் தடுக்கணும். அவன் உம் பொறுப்பு" என்று ஒப்படைத்துவிட்டாள். இறங்கும்போது படியில் உட்கார்ந்து, உன் புதுப் பேரை என்னிடம் கேட்டுக் கேட்டுப் பழகினாள். 'ந்தி'யில் வந்து நாக்கு சறுக்கும், மறுபடி முதலிலிருந்து ஆரம்பிப்பாள்.

உன் கடிதத்தைக் கேட்டு நிறைய அழுதாள். "அவனே கேக்குறான், குப்பைன்னே கூப்பிடும்மா" என்று கெஞ்சினேன். "சாமிகிட்டக் குடுத்ததத் திருப்பிக் கேக்கப்படாது" என்கிறாள். இனி அந்தப் பேர் அவள் வாயில் வராது.

ஸ்டேஷனுக்குக் கட்டாயம் வருவாள். ஆனால் சத்தமாகக் கூப்பிட வேண்டும் என்றாயே, அது மட்டும் நடக்காது. குபேந்திரன் என்று இப்போது நன்றாகவே சொல்கிறாள். சொல்வதற்கு முன்னால் வாசல் பக்கம் ஒரு தடவை பார்த்துவிட்டு, என் காதுக்குள் சொல்கிறாள்.

உன் அக்கா,
தனம்