ஓம் என்று சொன்ன கதாநாயகி

அக்கா,

இன்று பின்னேரம் மகள் குசினிக்குள் நின்று, பஞ்சில் தேங்காய் எண்ணெய் தொட்டு மேக்கப்பை அழித்துக்கொண்டிருந்தாள். கிளிநொச்சியில் எடுக்கும் இணையத் தொடர் ஒன்றில் அவள்தான் கதாநாயகி. எண்ணெயும் பவுடரும் கலந்த வாசம் வந்ததும் உங்கள் நினைவு வந்துவிட்டது. மீள்குடியேறிப் பரந்தனில் எங்கள் பக்கத்து வளவில் இருந்த காலத்தில், ஒன்றும் பூசாத முகத்தைக்கூட நீங்கள் மாலையில் அப்படித்தான் துடைப்பீர்கள். "போட்டுவிட ஆக்கள் இருப்பினம், தம்பி. அழிக்கிறதுக்குத்தான் ஒருத்தரும் இல்லை."

நீங்கள் நடிகை என்பதைக் கடையடியில் யாரும் நம்பவில்லை. படங்களின் சுருளும் இல்லை, உங்கள் புகைப்படங்களும் இடப்பெயர்வில் போய்விட்டன. நானும் பெரிய விண்ணன்போல, "இந்திய நடிகரோடை நடிச்சனீங்களோ?" என்று கேட்டேன். "இல்லை, கொழும்பு மழையோடை நடிச்சனான். எல்லாப் படத்திலும் அதுதான் வந்தது" என்றீர்கள்.

முதல் படத்தில் கதாநாயகன் "என்னைப் பிடிச்சிருக்கா?" என்று கேட்க, நீங்கள் "ஆமாம்" என்று சொல்லவேண்டும். நீங்கள் சொன்னது எங்கள் ஊர் "ஓம்". திரும்ப எடுத்தார்கள். திரும்பவும் "ஓம்". கதாநாயகி என்றால் இந்தியப் படத்தில் வருவதுபோலப் பேசவேண்டும் என்பது அன்றைய நினைப்பு. கடைசியில் வேறொருத்தியின் குரலைப் போட்டார்கள். தியேட்டரில் பக்கத்தில் இருந்த உங்கள் அம்மா கேட்டாராம்: "ஆரடி உனக்குள்ளை இருந்து கதைக்கிறது?"

அடுத்த படங்களிலும் அதே கதை. தொலைக்காட்சி வந்ததும் நாடகத்துக்குப் போனீர்கள். அங்கே கதாநாயகி இல்லை, அம்மா, மாமியார். கறுத்த முடிக்கு வெள்ளை பூசினார்கள். "நரை பொய், தம்பி. ஆனா குரல் என்ரை."

இதை மகளுக்குச் சொல்ல நேர்ந்தது. அவளுடைய தொடரை இயக்கும் நெறியாளரும், நடிப்பு நல்லம், குரலை மட்டும் சென்னையில் ஒராளைக் கொண்டு போடுவம் என்றிருக்கிறார். "என்னப்பா செய்ய?" என்றாள். பத்தாம் வகுப்பைத் தாண்டாத என்னிடம் கலையைப் பற்றிக் கேட்ட முதல் ஆள் அவள்தான். எனக்கு வேறென்ன தெரியும்? உங்கள் கதையைச் சொன்னேன்.

அவள் பாதி அழித்த முகத்தோடு போனை எடுத்தாள். "அண்ணா, கதைக்கிறதும் நான்தான். இல்லாட்டி ஏலாது."

"அப்ப நாளைக்கு வரத் தேவையில்லை, தங்கச்சி" என்றது போனில் நெறியாளரின் குரல்.

பிள்ளையின் வாய்ப்பைக் கெடுத்த தகப்பன் என்ற பட்டமும் இனி நமக்குத்தான். அவள் மிச்சத்தையும் துடைத்துவிட்டு, "ஏன் முகத்தைத் தொங்கப்போட்டிருக்கிறியள்? நடிக்கிறது நானோ நீங்களோ?" என்றாள். கண் மட்டும் சிவந்திருந்தது. எண்ணெய் பட்டதாம்.

திரையில் நீங்கள் எப்படி இருந்தீர்கள் என்று எனக்குத் தெரியாது, அக்கா. தண்ணீர்த் தாங்கி நிரம்ப மோட்டரைப் போட்டுவிட்டுக் கண்ணயரும் என்னை வேலிக்கு அங்காலிருந்து, "தம்பி, தாங்கி வழியுது, எழும்பும்!" என்று கூப்பிடுவீர்களே, அதுதான் தெரியும். அந்தப் படங்களைப் பார்த்தவர்களுக்குக் கேட்காத குரல். களைத்துச் சாயும்போதெல்லாம் இப்போதும் அதுதான் என்னை எழுப்புகிறது.