கோர்ட்டு போட்ட கையெழுத்து

என் கட்டைவிரலில் மை வாசனை இன்னும் போகவில்லை, மச்சான். சோப்புப் போட்டுத் தேய்த்தும் நிற்கிறது. நேற்று பதிவு ஆபீசில் நீ உட்கார வேண்டிய நாற்காலியில் கோர்ட்டிலிருந்து வந்த ஒருவர் உட்கார்ந்தார். நல்ல மனிதர்தான் போலிருந்தது. இருந்தாலும் அவருடைய அடையாள அட்டையை வாங்கி என் மகளிடம் கொடுத்து, அவர்தானா என்று படிக்கச் சொன்னேன். உனக்கும் உன் மகன்களுக்கும் பதிலாக அவர் கையெழுத்துப் போட்டார். உன் மனை என் பேருக்கு வந்துவிட்டது. நான் சொல்லச் சொல்ல இதை எழுதுவதும் அந்த மகள்தான்.

அவளுக்காகத்தானே எல்லாம். புருஷனை இழந்து பிள்ளையோடு வந்து நின்றாள். நம் கரையில் எங்கே தோண்டினாலும் உப்பு. உன் மனைக் கிணற்றில்தான் நல்ல தண்ணீர். அங்கே அவளுக்கு ஒரு வீடு கட்டவேண்டும் என்று கேட்டேன். "உனுக்கு இல்லாததா மச்சான்" என்றாய். கிரய ஒப்பந்தம் எழுதி அட்வான்சும் வாங்கிக்கொண்டாய். ரிஜிஸ்டர் செய்வதாகப் பேசிய நாளில் ஆபீஸ் கதவைச் சாத்தும்வரை காத்துக் கிடந்தேன். நீ வரவில்லை. காய்ச்சல் என்றாய். மறுவாரமே, கரையோரம் மனை தேடும் ரிசார்ட்காரர்களின் வெள்ளைக் கார் உன் வாசலில் நின்றது. உன் மகன்கள் அதில் சாய்ந்துகொண்டு சிரித்துப் பேசினார்கள். நீ அப்போது வீட்டுக்குள் இருந்தாயா இல்லையா என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது.

அட்வான்சை வட்டியோடு தந்துவிடுகிறோம் என்று உன் பெரியவன் வந்தான். "துட்டக் கரைச்சுக் குடிக்க முடியுமாடா?" என்று கேட்டு அனுப்பிவிட்டேன். மனையை எழுதித் தரவேண்டும் என்று செங்கல்பட்டில் கேஸ் போட்டேன்.

வழக்கு நாளில் இரண்டு பேருக்கும் ஒரே பஸ்தான். முதலில் நான் முன்னால், நீ பின்னால். ஒருநாள் திருக்கழுக்குன்றத்தில் கூட்டம் ஏறிவிட்டது. நின்றுகொண்டே வந்த நீ என் பக்கத்துச் சீட்டைக் காட்டினாய்.

"இன்னா மச்சான், குந்தலாமா? இல்ல, இதுக்கும் கோர்ட்ல ஆர்டர் வாங்கினு வரணுமா?"

"குந்து. கேசப் பத்தி மட்டும் வாயத் தொறக்காத."

இறங்கியதும் டீ வாங்கிக் கொடுத்தாய். நான் குடிக்கவில்லை. "அவன் கையால டீ குடிச்சேன்னு வையி, சமாதானமாப் பூட்டோம்னு கோர்ட்ல சொல்லிடுவான்" என்று என் வீட்டுக்காரி சொல்லி அனுப்பியிருந்தாள். என் கிளாசையும் எடுத்து நீயே குடித்தாய். "நஞ்சு கிஞ்சு இல்லடா, பாத்துக்க" என்றாய்.

பிறகு நீ கூண்டில் ஏறிய நாள். அது விற்பனையே இல்லை, வாங்கிய கடனுக்கு ஈடாக எழுதிக்கொடுத்த காகிதம் என்பதுதான் உங்கள் தரப்பு வாதம். அதை நீ சொன்னால் போதும், நான் தோற்றேன். என் வக்கீல் எழுந்து, கடனுக்கா, விற்பதற்கா என்று கேட்டார். நீ உன் மகன்களைப் பார்த்தாய். இருமினாய்.

"விக்கிறதுக்குத்தாங்க. கெணத்தையும் சேத்துத்தான்."

வெளியே வந்ததும் வக்கீல் என் தோளைத் தட்டினார். "ஜெயிச்சாச்சு பெரியவரே!"

"அதான் சார் பயமா கீது. இன்னாத்துக்கு அவன் உண்மைய சொன்னான்?"

அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. தீர்ப்பு வந்தபிறகு உன்னையே கேட்டேன்: "அதான் ஒத்துக்கினியே, வந்து எழுதிக் குடுத்துடு."

"நான் போடமாட்டேன். கோர்ட்டு போட்டுக்கட்டும்."

மறுபடி மனு, மறுபடி அலைச்சல். அதற்குள் நீ போய்ச் சேர்ந்துவிட்டாய். உன் மகன்களும் வரவில்லை, கோர்ட்டே போட்டது. யோசித்துப் பார்க்கிறேன். நீயாக எழுதித் தந்திருந்தால் மகன்கள் உனக்குச் சோறு போட்டிருக்கமாட்டார்கள். தராமலே இருந்தால் என் முகத்தில் விழிக்க முடியாது. இரண்டுக்கும் நடுவில் கோர்ட்டை நிற்கவைத்தாயா? அல்லது ரிசார்ட்காரன் விலையை ஏற்றட்டும் என்று நாளைக் கடத்தினாயா? திருடன் நீ. இந்த இடத்தில் என் மகள் பேனாவை வைத்துவிட்டாள். "செத்துப்போன மாமாவத் திருடன்னு எழுதமாட்டேன்ப்பா" என்கிறாள். சரி, சந்தேகம் என்று எழுது என்றேன்.

இன்று காலை மனையைச் சுற்றிக் கம்பிவேலி போட ஆள் வந்தான். உன் வீட்டுக்காரி குடத்தோடு வந்து நின்றாள். யாரையும் தண்ணீர் எடுக்க விடாதீர்கள், நாளைக்கு உரிமை கேட்பார்கள் என்று வக்கீல் சொல்லியிருக்கிறார்.

"கம்பி போடறியாண்ணே?"

"ஆமாம்மா."

"போடு. அது சொல்லிட்டுத்தான் போச்சு. 'அவன் கம்பி போடுவான், ஆனா உன்ன வெளிய நிறுத்தமாட்டான்'னு."

அவள் தண்ணீர் இறைத்துக்கொண்டு போனாள். நீ சொன்னதா அது? அவளாகச் சொன்னதா? உன் மகன்கள் சொல்லிக்கொடுத்து அனுப்பினார்களா? கூண்டில் ஒரு வார்த்தை சொல்லி ஜெயிக்கவைத்தாய். போன பிறகு ஒரு வார்த்தை சொல்லி என் கையைக் கட்டுகிறாய்.

கிணற்றுப் பக்கம் ஒரு கேட் வைக்கச் சொன்னேன். "பூட்டு போடணுமா பெரியவரே?" என்று வேலிக்காரன் கேட்டான். பொழுது சாய்ந்துவிட்டது. அவனுக்கு இன்னும் பதில் சொல்லவில்லை, மச்சான்.