கிட்டாருக்கும் ஒரு பொட்டு

அன்புள்ள அப்பாவுக்கு,

நிலவழகன் மும்பையிலிருந்து வணங்கி எழுதுவது. நான் நலம். உங்கள் முழங்கால் வலியும் அம்மாவின் இருமலும் தேவலையா?

"பாட்டுக் கேக்குறதுக்கா சம்பளம் தாராய்ங்க?" என்று போனில் கேட்டீர்கள். ஆமாம் அப்பா. நன்றாக வாசிப்பவர்களைக் கண்டுபிடித்து ரெக்கார்டு கம்பெனிக்குச் சொல்வதுதான் என் வேலை. வாசிப்பதை விட்டவர்களுக்குத்தான் இதைக் கொடுக்கிறார்கள்.

போன வாரம் தாராவியில் நம் தமிழ்ப் பிள்ளைகளின் ராக் குழுவைக் கேட்கப் போனேன். அவர்களுடைய கிட்டார்காரன் வரவில்லை.

"அண்ணே, நீங்க முன்ன வாசிச்சவருதானே, சும்மா வந்து நில்லுங்க" என்றார்கள்.

அவர்கள் நீட்டிய கிட்டாரை வாங்கிக்கொண்டு நின்றேன். கண்ணை மூடியதும் கூடம் கரைந்துபோய், நம் ஆலங்குடி முந்திரித் தோப்பில் மழைக்கு முந்திய காற்றுக்குள் நடப்பதுபோல் இருந்தது. கண்ணைத் திறந்தபோது மற்றவர்கள் பாட்டை முடித்துவிட்டு எனக்காகக் காத்திருந்தார்கள்.

பழக்கம் விட்டுப்போன விரல் நுனியில் கம்பி கிழித்த சின்னக் காயம்தான். சோறு பிசையும்போது மட்டும் எரிகிறது.

"குழு தேறும், கிட்டார் வாசித்தவர் தேறமாட்டார்" என்று கம்பெனிக்கு எழுதி அனுப்பினேன். மேனேஜர் என் நேர்மையைப் பாராட்டினார்.

ஆயுத பூசையன்று டிராக்டர், மண்வெட்டியோடு, வீட்டில் இருக்கும் என் கிட்டாருக்கும் சந்தனப் பொட்டு வைப்பீர்கள். பாலிஷ் போய்விடும் என்று நான் சண்டை போடுவேன். இந்த வருடம் பெரிதாகவே வையுங்கள். வைத்ததும் எனக்குப் போன் போட்டு, ஒரு கம்பியைத் தட்டுங்கள். சுருதி இறங்கியிருந்தாலும் பரவாயில்லை. கேட்பதற்குத்தானே எனக்குச் சம்பளம்.

மீட்டிங்குக்குக் கூப்பிடுகிறார்கள், போகிறேன்.

உங்கள் மகன்
நிலவழகன்