ரயிலில் நீ என்னிடம் சொன்னது

குதிகால் வெடிப்புக்குத் தடவ நேற்று கிளிசரின் வாங்கி வந்தேன். மூடியைத் திறந்ததும் நீதான் நினைவுக்கு வந்தாய். அழுகைக்கென்று ஒரு சொட்டுகூட உன் கண்ணில் போடாமல் நாங்கள் எடுத்து முடித்த அந்தக் காட்சி. நீ செத்து ஏழு வருஷமாகிறது. யாரிடமும் சொல்லாததை உன்னிடமே சொல்லிவிடுகிறேன்.

அது எழுபதுகளின் கடைசி. நான் வசனம் எழுதும் உதவியாள். நீ என் சிபாரிசில் கதாநாயகி ஆனவள். சங்கரன்கோவிலில் இரண்டு பேரும் ஒரே தெரு, என்னை அண்ணாச்சி என்பாய். வயது வந்தோருக்கான காதல் படம் அது. கட்டிலில் உன் பக்கத்தில் கிடந்தவன் எழுந்து, உன்னை விட்டே போகிறான். நீ தடுக்க வேண்டும். காலையிலிருந்து பதினோரு முறை எடுத்தும் டைரக்டருக்குத் திருப்தியில்லை.

"உடம்பைக் காட்ட நூறு பேர் வருவாங்க. மனசைக் காட்டத்தான் இவளுக்கு வெட்கமா இருக்கு" என்று எல்லோர் முன்னாலும் சொன்னார். நீ போர்வையைக் கழுத்துவரை இழுத்துக்கொண்டு தரையைப் பார்த்தாய். எனக்கு உன்மேல் பரிதாபம் வரவில்லை. உன்னைக் கூட்டி வந்த என் பேர் கெட்டுவிடுமே என்றுதான் இருந்தது.

உடனே அவரிடம் போய்ச் சொன்னேன். புளியங்குடி எலுமிச்சை மார்க்கெட்டில் வேலை பார்த்த உன் புருஷன் வேறொருத்தியோடு கிளம்பிய அன்று நீ திட்டவில்லை, வாசலை மறிக்கவில்லை. ஒன்றே ஒன்று கேட்டிருந்தாய். மெட்ராஸுக்கு ரயிலில் வரும்போது என்னை நம்பிச் சொன்னது. அதை ஒரு தாளில் எழுதி உன் கையில் கொடுத்தேன்.

"போறதுன்னா போங்க. அந்த அழுக்குச் சட்டைய மட்டும் விட்டுட்டுப் போங்க."

படித்துவிட்டு என்னை ஓரமாகக் கூப்பிட்டாய். "இது வேண்டாம் அண்ணாச்சி. எங்கம்மை ஊர்ல இருக்கா."

"இந்தப் படமெல்லாம் நம்ம ஊருக்கு வராது, ஏட்டி. தைரியமாச் சொல்லு."

ஒரே டேக். கேமராமேன் கண்ணைத் துடைத்துக்கொண்டார். டைரக்டர் என் தோளில் தட்டினார். அன்றைக்கு இருந்த சந்தோஷம் என் கல்யாணத்தன்றுகூட இல்லை.

படம் ஊருக்கு வந்தது. பெண்கள் டிக்கெட் கவுண்டரை அடைத்துவிட்டு அந்தப் பக்கமும் ஆண்களையே உட்கார வைத்தார்கள். அப்போது ஊருக்கு வந்திருந்த நானும் தியேட்டருக்குப் போயிருந்தேன். நீ அந்த வரியைச் சொன்னதும் சட்டைகளைக் கழற்றித் திரையில் எறிந்தார்கள். நான் மிச்சப் படத்தையும் பார்த்துவிட்டுத்தான் வந்தேன்.

மறுநாள் உன் வீட்டு ஜன்னல் கம்பியில் எவனோ ஓர் அழுக்குச் சட்டையைத் தொங்கவிட்டிருந்தான். விவரம் தெரியாத உன் அம்மா அதைத் துவைத்துக் காயவைத்து, மடித்து எடுத்துக்கொண்டு வீடு வீடாகப் போனாள். என் வீட்டுக்கும் வந்தாள். "யாரு சட்டைன்னு தெரியல. பாவம், தேடிக்கிட்டு இருப்பாவ." எனக்குத் தெரியாது என்றேன். தெருவே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது. அடுத்த தெருவில் ஒருத்தி விளக்கமாக எடுத்துச் சொல்லிவிட்டாள். அதன் பிறகு உன்னைப் பற்றி யார் கேட்டாலும் உன் அம்மா தனக்கு மகளே இல்லை என்றாள், சாகிறவரைக்கும்.

அவள் செத்ததற்கு நீ வந்தாய். உன்னை வீட்டுக்குள் விடவில்லை, தெருவில்தான் நின்றாய். அழவுமில்லை. அழுதால் நடிக்கிறாள் என்பார்கள் என்று உனக்குத் தெரிந்திருந்தது. நான் பக்கத்தில் வந்து மன்னிப்புக் கேட்டேன்.

"அதுக்கென்ன அண்ணாச்சி, நல்லாத்தான எழுதியிருந்திய" என்றாய். "இப்ப எங்க வீட்டுக்காரவுகள நெனச்சா அவுக மொகம் வரமாட்டேங்கு. லைட்டும் கேமராவுந்தான் வருது."

அதைக் கேட்டதும் எனக்கு முதலில் தோன்றியது, எவ்வளவு நல்ல வசனம் என்பதுதான். வீட்டுக்குப் போய் எழுதி வைத்தேன். அந்தத் தாள் இன்னும் என்னிடம் இருக்கிறது. எந்தப் படத்துக்கும் கொடுக்கவில்லை. மனசாட்சி உறுத்தியது என்று நினைத்துவிடாதே. உன்னைப் போல அதைச் சொல்ல ஒருத்தி கிடைக்கவில்லை.