வடக்குச் சுவரில் முந்நூறு பொதி

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம், அப்பாவின் முழங்கால் வலிகூட இந்த வாரம் லீவு போட்டிருக்கிறது, நீயும் வேளைக்குச் சாப்பிட்டுத் தெம்பாக இருக்கிறாய் என்று நம்பித்தான் பேனாவை எடுத்தேன். விஷயம் இதுதான். நம் தெருவில் பத்து நாளாக அடங்காமல் ஆடிய மண்ணுக்கடி வீறை நேற்று மாலை உன் தங்கை ஒரே ஊதலில் இறக்கிவிட்டாள், அது அப்படி ஆடியதற்குக் காரணம் நான்.

உங்கள் ஊரில் முரசடித்து வீறை அடக்குகிறார்கள் என்று எழுதியிருந்தாய். இங்கே பழையபடி குழல்தான், மூன்று வேளையும் இசைக்கூடத்தில் ஊதினால்தான் மண்ணுக்கடியிலிருந்து ஏறுகிற வீறு அளவோடு நின்று அடுப்பும் விளக்கும் ஒழுங்காக எரியும். காலையும் மதியமும் சுலபம், மாலையில்தான் அது பொங்கும், அந்த மாலைக் குழலுக்குத்தான் சின்னவளை மூன்று மாதச் சோதனையில் எடுத்தார்கள். இரண்டரை மாதம் ஒரு குறை இல்லை. பிறகு திடீரென்று அவள் ஊதி முடித்தாலும் வீறு இறங்கமாட்டேன் என்றது. விளக்கெல்லாம் கண் கூசியது, நம் தராசில் வெறும் தட்டே எடை காட்டியது (அதை வைத்து வியாபாரம் செய்யவில்லை, நம்பு), எதிர்க்கடைத் தையல்காரரின் கத்தரிக்கோல் தானாக நடந்துபோய் ஒரு புதுச் சட்டையின் கையை வெட்டிவிட்டது. அவர் நம் பஞ்சுக் கடை வாசலில் நின்று, "அக்கா, இன்னிக்கும் கத்தரியைக் கட்டிப் போட்டுட்டுத்தான் தூங்கணுமா, உங்க பொண்ணுகிட்ட கேட்டுச் சொல்லுங்க" என்று குத்திவிட்டுப் போனார். கூடத்துத் தலைவரோ, மூச்சு பத்தலை, வெள்ளிக்கிழமையோட கணக்கு முடிச்சு அனுப்பிடுறேன் என்று சொல்லிவிட்டார். பிள்ளை உதடு வெடிக்கிற அளவுக்குப் பழகினாள், சோறு இறங்கவில்லை. நானும் என் பங்குக்கு, நம்ம வகையறாவுல யாருக்கும் ராகம் வராது, பேசாம கடைக்கு வந்துடு என்றேன். அதை நினைத்தால் இப்போது நாக்கைக் கடித்துக்கொள்ளலாம் போலிருக்கிறது.

நேற்று வியாழக்கிழமை மதியம், கூடத்திடம் வாடகைக்கு எடுத்த புதுக் கிடங்குக்குப் போனேன். அது கூடத்தின் வடக்குச் சுவரை ஒட்டியது, அந்தச் சுவர் எப்போதும் இளஞ்சூடாக, ஈரமே இல்லாமல் இருக்கும், பஞ்சுக்கு அதைவிட நல்ல இடம் ஏது என்று முந்நூறு பொதியைத் தரையிலிருந்து கூரை வரை அதன்மேல் நெருக்கி அடுக்கச் சொன்னது நான்தான். நான் உள்ளே நின்றபோது மதியக் குழல் நேரம். காலிக் கிடங்காகப் பார்க்க வந்த அன்று அதே இடத்தில் என் பல்லெல்லாம் அதிர்ந்தது, நேற்று ஒரு முனகல்கூட இல்லை. பொதி அடுக்கிப் பத்து நாள், வீறு ஆடிப் பத்து நாள். சுவர் அதிர்ந்தால்தானே ஊதுவது மண்ணுக்குள் இறங்கும், அவள் மூச்சையெல்லாம் என் பஞ்சு குடித்துக்கொண்டிருந்திருக்கிறது! உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது, வாயை மூடிக்கொண்டு போய்விடலாமா என்று ஒரு நிமிஷம் தோன்றியது, வெளியே மேகம் கட்டியிருந்தது, பொதியைத் தெருவில் போட்டு மழை வந்தால் இந்த வருஷ முதலே போச்சு. பிறகு நேராகத் தையல்காரரிடம் போய், கத்தரி நிம்மதியா தூங்கணும்னா வந்து தூக்குங்க என்றேன். அவர் பின்னால் தெருவே வந்தது. மாலை மணி அடிக்கும்போது கடைசிப் பொதி வெளியே வந்தது.

கூடத்துக்குள்ளேயே பழகிக்கொண்டிருந்த சின்னவளுக்கு ஒன்றும் தெரியாது, பத்து நாள் பழக்கத்தில் மொத்த மூச்சையும் போட்டு ஊதினாள் பார், தெரு முழுக்க விளக்கு பொசுக்கென்று மங்கிவிட்டது. போச்சுடி, அணைஞ்சே போச்சு என்று அப்பா தலையில் கை வைத்தார். அவளோ உள்ளேயே சுதாரித்துக்கொண்டாள், குழலை இழை மாதிரி மெலிதாக்கினாள், விளக்கு மெல்ல மெல்ல ஏறி அளவில் வந்து அசையாமல் நின்றது. எவ்வளவு தேர்ந்த கை அவளுக்கு என்று எனக்கே அப்போதுதான் புரிந்தது. தெருவில் ஒரே கைதட்டல். தலைவர் ஓடிவந்தார், அத்தனை பேர் முன்னாலும் தப்பு என்னுடையது என்று சொன்னேன். அபராதம் கட்டணும்மா என்றார். கட்டறேன், ஆனா இருபது வருஷமா கூடத்துல இருக்கிற நீங்க ஒருதரமாவது சுவத்துல காது வெச்சுப் பாத்தீங்களா, அதுக்கு என் பொண்ணுகிட்ட என்ன கட்டறீங்க என்றேன். மனுஷன் சிரித்துவிட்டார். மழையும் வரவில்லை.

நீ நூறு வருஷம் நன்றாக இரு, பாலத்து வேலையில் உயரம் ஏறும்போது இடுப்புக் கயிற்றை மறக்காதே, தங்கைக்குத் தனியாக நாலு வரி எழுது. பேசி முடித்தது இவ்வளவு: சின்னவளுக்கு இன்றிலிருந்து வேலை நிரந்தரம், அபராதம் இல்லை, சுவரிலிருந்து ஆறடிக்கு நான் ஒரு துரும்பும் வைப்பதில்லை, அந்த ஆறடிக்கு என் வாடகையில் கழிவு. சின்னவள் தனியாக ஒன்று கேட்டாள், வாரத்தில் மூன்று மாலை நான் கடையைச் சாத்திவிட்டுக் கூடத்தில் வந்து உட்கார்ந்து அவள் ஊதுவதைக் கேட்க வேண்டுமாம். ஒன்றில் தொடங்கிப் பேரம் பேசிப் பார்த்தேன், அசையவில்லை. மூன்றுக்கே ஒப்புக்கொண்டேன்.

இப்படிக்கு,
உன் அம்மா