இரண்டு அடுக்குப் பெட்டிகள்

அன்புள்ள சியூ-ஃபங்,

பன்னிரண்டு ஆண்டுகள் வாயை மூடிக்கொண்டிருந்தது போதும். தயாரிப்பாளர் லாவின் புதிய குங்ஃபூ படத்துக்காக அடுத்த வாரம் கவுலூனில் நீ மாடியிலிருந்து குதிக்கப் போகிறாயாம்.

அன்று லாவின் படப்பிடிப்பில் உன் அப்பா இடம் தவறிக் குதித்ததாகச் சொன்னோமே, அது பொய். குதிப்பவரைத் தாங்கக் கீழே அடுக்கியிருந்த அட்டைப்பெட்டிகள் கேமராவில் தெரிந்தன.

"ரெண்டு அடுக்கை எடுங்கடா!" என்று லாவ் கத்தினான்.

"முதலாளி, அப்படியே ரெண்டு இறக்கையும் தைச்சுக் குடுங்க!" என்று மேலிருந்து சிரித்துவிட்டு உன் அப்பா குதித்தார். பிழைக்கவில்லை.

விசாரணையில் லாவ் சொல்லச் சொன்னதையே நானும் சொன்னேன். காரியம் முடிந்ததும் என்னையும் வேலையிலிருந்து தூக்கியெறிந்தான்.

ஏறுவதற்கு முன் பெட்டிகளை நீயே எண்ணிப் பார். குறைந்தால் குதிக்காதே.

பெயரைப் போட்டால், பழைய பகையில் எழுதுகிறான் என்று கிழித்துவிடுவாய். பகை உண்டு, பெட்டிகளை எடுத்ததும் உண்மை. கையெழுத்தில்லாமலே இதைத் தபாலில் சேர்க்கிறேன்.