நைனா இருக்கும்போதே எடுத்த மீசை

3.3.1997, திருப்பதி

இன்றும் புடவைதான். புத்தலப்பட்டு ரோட்டில், ஓடும் லாரியிலிருந்து கதாநாயகிக்கு டூப்பாகக் குதித்தேன். தோளில் தோல் உரிந்துவிட்டது. விக்கில் யார் யாரோ வியர்த்த நாற்றம். வேடிக்கை பார்த்தவர்களில் ஒருத்தன் இடுப்பைக் கிள்ளினான், ஆம்பளை என்று தெரிந்தே! ஸ்டண்ட் மாஸ்டர் சம்பத் சிரிக்கிறார். தூ!

5.3.1997

பிச்சாட்டூர் போனேன். நைனாவுக்கு மூச்சு இழுக்கிறது. என் முகத்தைப் பார்த்ததும் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

"அப்பன் செத்தாத்தான்டா மீசைய எடுப்பானுங்க. நான் இன்னும் உசுரோடதான கீறேன்? எத்தினி வாட்டிடா எனக்குக் கருமாதி பண்ணுவ?"

அவர் குடிக்கிற மருந்து நான் குதித்து வாங்கியது.

வெளியே வந்ததும் என் பெண்டாட்டி நளினி கையைப் பிடித்தாள். "மாமா ரொம்ப நாள் தாங்க மாட்டாரு. ஒரு வாட்டி மீசையோட வந்து நில்லுய்யா."

6.3.1997

லாட்ஜ் கண்ணாடியில் என் மேலுதட்டைப் பார்த்தேன். கண்ணாடி மேல் துண்டைப் போட்டு மூடினேன்.

9.3.1997

கிணற்றில் குதிக்கும் காட்சி. ரேசரை நீட்டினார்கள். முடியாது என்றேன்.

"இன்னாடா, ஹீரோயினுக்கு மீசை வெச்சி எடுக்கவா?" என்றார் மாஸ்டர். யூனிட்டே சிரித்தது. எனக்கு முதல் வேலை கொடுத்தவர் அவர். கால் முறிந்து கிடந்தபோது எட்டிப் பார்க்காதவரும் அவரே.

போங்கடா! நீங்களும் உங்க புடவையும்! அவிழ்த்துப் போட்டுவிட்டு பஸ் ஏறினேன். இனி யார் கூப்பிடுவார்கள்? என்ன செய்யப்போகிறேன்? - தெரியவில்லை.

28.3.1997

தடாவில் புதிதாக ஒரு ஃபேக்டரி வருகிறது. வாட்ச்மேன் வேலை கேட்டுப் போனேன். முன்பு என்ன வேலை என்றார் சூப்பர்வைசர், தெலுங்கில். சினிமா என்றேன். என்ன வேஷம் என்றார். சண்டை போடுகிற வேஷம் என்று சொல்லி வைத்தேன். மே முதல் வாரத்தில் வந்து சேரச் சொன்னார்.

11.4.1997

மீசை நன்றாக வளர்ந்துவிட்டது. நைனா கிட்டே கூப்பிட்டு விரலால் நீவிப் பார்த்தார். அப்புறம் நளினியிடம், "இவனுக்கும் தட்டு வைம்மா. ஒண்ணா துன்றோம்" என்றார்.

மறுசோறு கேட்டு வாங்கினேன்.

19.4.1997

நைனா போய்விட்டார்.

ஆற்றங்கரையில் தலையை மழித்து முடித்த துலுக்காணம், மீசைக்கு வந்ததும் கத்தியை நிறுத்தி என்னைப் பார்த்தார். எடுங்க என்றேன். எவளெவளுக்கோ எடுத்தேன். இன்றைக்குத்தான் நைனாவுக்கு.

4.5.1997

காரியம் முடிந்தது. பந்தியில் மாஸ்டர் அனுப்பிய ஆளும் உட்கார்ந்திருந்தான். வாயில் சோற்றை வைத்துக்கினே சொல்கிறான்: "புதுப் படம், திருப்பதியிலதான். நீ மீசைய எடுத்தது நல்லதாப் போச்சின்னாரு மாஸ்டர். மொட்டைக்கு விக் கீது. நாளைக்கே வரச் சொன்னாரு."

நல்லதாப் போச்சாமே! அவன் இலையைப் பிடுங்கி வீசியிருப்பேன். நைனா பேரில் போட்ட இலை.

"துன்னுட்டுக் கெளம்பு" என்றேன்.

நாளை தடாவில் வேலைக்குச் சேர வேண்டும். மேலுதடு சொரசொரவென்று இருக்கிறது. மறுபடி முளைக்கிறது.